நான்கு என்று எழுதிய கை

மறைக்க வழி இருந்தும் தன் பிழையைத் தன் கையாலேயே எழுதி வைக்கும் வாய்மை, பெரியோர் போற்றும் பேரறம். போற்றுவோர் எக்காலத்திலும் உண்டு. அதற்கு இந்நாளில் கிடைக்கும் கூலி யாதென அறிய விரும்புவோர் ஜெனிட்டாவின் கதையைக் கேட்க வேண்டும்.

மாமல்லபுரத்துக்கு மேற்கே, கடற்காற்றில் உப்பு இன்னும் வற்றாத தொலைவில் அவர் வீடு. தந்தை முத்துசாமி பிறர் வயலில் நாற்றுக்கட்டு சுமந்தவர். மகள் தலையில் அந்தச் சுமை ஏறலாகாது என்று செவிலியர் படிப்புக்கு அனுப்பினார். கணவர் பூபாலன் கரையில் மீன் ஏற்றிக் கேளம்பாக்கத்துக் கடைகளுக்குக் கொண்டு செல்லும் சிறு வண்டியை ஓட்டுகிறார். ஒரே மகள் சிநேகா பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிறாள். செங்கல்பட்டில், பெருஞ்சாலையை ஒட்டிய ஒரு தனியார் மருத்துவமனையின் தீவிர சிகிச்சைப் பிரிவில் ஜெனிட்டா பதினாறு ஆண்டுகள் பணி செய்தார்.

அப்பிரிவுக்கு வெளியே, குளிரூட்டப்படாத சிற்றறையில் ஒரு சிறிய ஃப்ரிட்ஜ் இருந்தது. அன்றாட மருந்துகள் வேறிடத்தில் இருந்தன; அரிதாகத் தேவைப்படுபவை மட்டுமே இதனுள் இருந்தன. கதவில் நூல் கட்டிய ஒரு நோட்டு. காலை, மாலை, இரவு என மூன்று ஷிப்டிலும் உள்ளிருக்கும் வெப்பமானியைப் பார்த்து அளவை எழுதிக் கையொப்பமிட வேண்டும். இரண்டுக்கும் எட்டுக்கும் இடையில் இருந்தால் மருந்துக்குக் கேடில்லை. எல்லோரும் நான்கு என்று எழுதினார்கள். கதவைத் திறந்து பார்த்து நான்கு எழுதிய காலம் ஒன்று இருந்தது. பின்னர் மேல்வரியைப் பார்த்து நான்கு எழுதும் காலம் வந்தது. மருந்தின் குளிர் மாறினாலும் நோட்டின் குளிர் மாறியதில்லை.

அந்த ஆண்டு ஆயுத பூசை புதன்கிழமை வந்தது. மூச்சுக் கருவிக்கும் மானிட்டருக்கும் ஊசிப் பம்புக்கும் சந்தனமும் குங்குமமும் இட்டார்கள். சிற்றறை ஃப்ரிட்ஜுக்கும் பொட்டு வைத்து, அதன் தலையில் சாமி படங்களை அடுக்கி, சுற்றிலும் சீரியல் விளக்கு கட்டினார்கள். அறையில் பிளக் செருகும் இடம் ஒன்றே. வார்டு உதவியாளர் செல்வராஜ், பணி ஓய்வை நெருங்கியவர், ஃப்ரிட்ஜின் பிளக்கைப் பிடுங்கிவிட்டு விளக்கைச் செருகினார்.

“இன்னா அண்ணாத்த, ஃப்ரிட்ஜையே அணைச்சிட்ட?” என்று கேட்டார் ஜெனிட்டா, பொரியைக் கையில் ஏந்தியபடி.

“வருசம் பூரா உழைக்குது சிஸ்டர். அதுக்கும் இன்னிக்கு ஒரு அரமணி நேரம் லீவு வுடு. பூசை முடிஞ்சதும் மாத்திடுறேன். நீ பொரிய துன்னு.”

ஜெனிட்டா சிரித்தார். அவர் ஷிப்டு முடிந்தது, வீட்டுக்குப் போனார். மறுநாள் அவருக்கு விடுமுறை. வழிபட்ட பொருளின் உயிர்நாடியை வழிபாட்டின் பொருட்டே அறுத்து வைத்த அந்தப் பூசை இரண்டு நாள் நீடித்தது. மாலை ஷிப்டு நான்கு என்று எழுதியது. இரவு ஷிப்டு நான்கு என்று எழுதியது. விஜயதசமியன்று மூன்று ஷிப்டுகளும் நான்கு என்றே எழுதின. வெள்ளிக்கிழமை காலை எட்டு மணிக்கு ஜெனிட்டா வந்தார். வாடிய மாலையின் நடுவே சிவப்பும் பச்சையுமாய் விளக்கு இன்னும் மினுங்கிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்தபடியே, கதவைத் திறவாமல், ஆறாவது வரியில் அவரும் நான்கு என்று எழுதினார்.

ஒன்பது மணிக்கு வேடந்தாங்கலை அடுத்த ஊரிலிருந்து செங்கல்வராயன் என்ற உழவரைக் கொண்டுவந்தார்கள். வரப்பு வெட்டுகையில் மண்வெட்டி காலைப் பதம் பார்த்திருந்தது. மஞ்சளைக் குழைத்துத் துணியால் கட்டிக்கொண்டு நான்கு நாள் வயலுக்குப் போனவர், ஐந்தாம் நாள் பேச்சுக் குழறி விழுந்தார். புண்ணின் நஞ்சு குருதியில் கலந்துவிட்டது. கை கால் சில்லிட்டிருந்தன. சராசரி இரத்த அழுத்தம் குறைந்தது அறுபத்தைந்து இருக்க வேண்டிய இடத்தில் ஐம்பதைத் தொடவில்லை.

பணியில் இருந்த மருத்துவர் அருணகிரி முறைப்படி உப்புநீர் ஏற்றினார், கிருமிக்கொல்லி கொடுத்தார், அழுத்தத்தை உயர்த்தும் நார்அட்ரினலின் என்னும் மருந்தை ஓடவிட்டு, அளவைக் கூட்டிக்கொண்டே போனார்.

“பிரஷர் நிக்க மாட்டேங்குது. வாசோபிரசின் ஆரம்பிங்க சிஸ்டர்” என்றார் பத்தரை மணிக்கு.

வாசோபிரசின் நம் தலையினுள் ஒரு சிறு சுரப்பி தானே வெளியிடும் நீர். தாகத்தில் உடலின் நீரைக் காப்பதும் தளர்ந்த குருதிக் குழாய்களை இறுக்குவதும் அதன் தொழில். பேரதிர்ச்சியில் கிடக்கும் உடல் தன் கையிருப்பைச் சில மணி நேரத்தில் செலவழித்துவிடும். கரை இளகிய ஏரிக்கு எத்தனை வாய்க்கால் நீரைத் திருப்பினாலும் மட்டம் உயராதது போல, அப்போது உப்புநீரும் பயன்படாது. மற்ற மருந்தும் தனித்து நின்று தாங்காது. ஆகவே உடல் இழந்ததையே ஊசிப் பம்பின் வழியே, ஒரே அளவில், மெல்ல மெல்லத் திருப்பிக் கொடுப்பார்கள்.

ஜெனிட்டா ஃப்ரிட்ஜைத் திறந்தார். வெதுவெதுப்பான காற்று முகத்தில் அடித்தது. வெப்பமானி இருபத்தொன்பது காட்டியது. அக்கணமே ஓடிவந்து மருத்துவரிடம் சொன்னார்.

“எவ்வளவு நேரமா?”

“புதன் மத்தியானத்துலேர்ந்து சார். பூசைக்கு எடுத்த பிளக்கு திரும்பப் போடவே இல்ல.”

“நோட்டுல என்ன இருக்கு?”

“நாலுன்னு இருக்கு. நானும் காலைல பார்க்காமத்தான் எழுதினேன்.”

அருணகிரி குப்பியைத் திருப்பி லேபிளைப் படித்தார். “குளிர்லயே வைக்கணும்னு போட்டிருக்கு. கெட்டுப்போச்சுன்னும் சொல்ல முடியாது, நல்லா இருக்குன்னும் சொல்ல முடியாது. இப்போதைக்கு இதையே போடுங்க. புதுசுக்கு ஆள் அனுப்புங்க.”

செங்கல்பட்டில் கேட்ட கடைகளில் அம்மருந்து இல்லை. கேளம்பாக்கத்தில் ஒரு கடையில் இருந்தது. பூபாலன் அப்போது அங்கேதான் மீன் இறக்கிக்கொண்டிருந்தார்; ஜெனிட்டா அவரைக் கைப்பேசியில் அழைத்துச் சொன்னார்.

“இன்னாமே, மீன் பொட்டில மருந்தா? ஊசி போட்டுக்கினவன் கவுச்சி அடிக்கப் போறான்” என்று சிரித்தார்.

“யோவ், பேஜாரு பண்ணாத. பொட்டிய கழுவி, புது ஐஸ் கொட்டி, மருந்த கவர்ல சுத்தி வச்சி எடுத்தா. ஒரு உசுரு இழுத்துகினு கீது.”

பூபாலனின் சிரிப்பு நின்றது. திருப்போரூர் வழியாக, எங்கும் நிற்காமல் வந்தார். ஆயினும் கடையில் மருத்துவர் சீட்டுக்காகக் காக்கவைத்த நேரமும் சேர்ந்து மணி ஒன்றைத் தாண்டியது. அதுவரை சூடுபட்ட மருந்து ஓடியது. அழுத்தம் ஐம்பதைவிட்டு அசையவில்லை. புதிய குப்பி ஏறிய அரை மணிக்குள் அறுபது, பின்னர் அறுபத்தாறு.

கதவருகே செங்கல்வராயனின் மனைவி முனியம்மா நின்றார். “ஏறுதாம்மா?”

“ஏறிகினு கீதும்மா. சாமிய வேண்டிக்கோ.”

முனியம்மா ஜெனிட்டாவின் இரு கைகளையும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். நான்கு என்று எழுதிய கையும் அவற்றுள் ஒன்று.

சிறுநீரகம் முன்னமே அடங்கியிருந்தது. மறுநாள் நண்பகலில் செங்கல்வராயன் இறந்தார். “அந்த ரெண்டரை மணி நேரத்தாலயா, புண்ணோட வயலுக்குப் போன நாலு நாளாலயா, யாராலயும் சொல்ல முடியாது சிஸ்டர்” என்றார் அருணகிரி. அது உண்மையே. உண்மையாய் இருந்தும் அது ஆறுதலாகவில்லை.

ஜெனிட்டா நோட்டைக் கையில் எடுத்தபோது, செவிலியர் கண்காணிப்பாளர் பிரபாவதி அவர் மணிக்கட்டைப் பிடித்தார்.

“கை வைக்காதே ஜெனிட்டா. ஆறு வரியும் நாலு. ஃப்ரிட்ஜ் ஓடிச்சுன்னு நோட்டு சொல்லுது. உன் வேலையைக் காப்பாத்தப் போறதும் இந்த நோட்டுதான்.”

“அந்தாளு செத்துட்டாரு மேடம்.”

“நீ எழுதினா எழுந்து உட்காருவாரா?”

ஜெனிட்டா பேனாவைத் திறந்தார். தம் வரியிலிருந்த நான்கை ஒரே கோட்டால் அடித்து, அருகில் எழுதினார்: ‘பார்க்காமல் எழுதினேன். பத்தரை மணிக்குப் பார்த்தபோது 29.’ கையொப்பமும் நேரமும் இட்டார். மேலிருந்த ஐந்து வரிகளை அவர் தொடவில்லை. பிறர் எழுதியதைத் திருத்த எனக்கு உரிமையில்லை என்று மட்டும் சொன்னார்.

விசாரணைக்கு அமர்ந்தவர்கள் நோட்டை விரித்தார்கள். ஐந்து வரிகள் மாசின்றி நான்கு காட்டின; ஆறாவது வரியில் மட்டும் அடித்தல். ஃப்ரிட்ஜ் அந்த ஐந்து ஷிப்டிலும் ஒழுங்காக ஓடியது என்றும், ஆறாவது ஷிப்டில்தான் நின்றது என்றும், ஜெனிட்டா கவனியாமல் விட்டார் என்றும் முடிவு கண்டார்கள். பூசை முடிந்ததுமே பிளக்கை மாற்றிவிட்டதாகச் செல்வராஜ் சொன்னார். மாற்றியதாகவே அவர் மெய்யாய் நம்பியிருக்கவும் கூடும். சீரியல் விளக்கு அதற்குள் சுருட்டப்பட்டுப் பரணில் ஏறியிருந்தது. ஜெனிட்டா மருத்துவரைப் பார்த்தார்.

“புதன்கிழமைன்னு நீங்க சொன்னீங்க சிஸ்டர். நான் பார்க்கலையே” என்றார் அருணகிரி, தம் கைப்பேசியை நோக்கியபடி.

பொய் எழுதிய ஐவரும் இன்றும் அங்கே பணியில் இருக்கிறார்கள். பொய்யை அடித்தவர் ஒருவரே வெளியேற்றப்பட்டார்.

இத்துடன் முடிந்திருந்தால் ஒருவாறு பொறுக்கலாம். ‘அந்த சிஸ்டர் மருந்தைக் கெடவிட்டுட்டாங்க, அவங்களை அனுப்பிட்டோம்’ என்று மருத்துவமனை முனியம்மாவுக்குச் சொல்லி அனுப்பியது. பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள், விசாரித்துக்கொண்டு அவர் ஜெனிட்டாவின் வாசலுக்கு வந்தார்.

“நீதானாடி? உன் கைய கண்ணுல ஒத்திகினேனே! நாலுன்னு நீயா எழுதின?”

“ஆமாம்மா. பார்க்காம எழுதினேன். நெசம்தான்.”

பூபாலன் பொறுக்கமாட்டாமல் முன்னே வந்தார். “எம்மா, இவ ஒருத்தி மட்டும் இல்ல, இவளுக்கு முன்னாடி அஞ்சு பேரு...”

“நீ சும்மா இருய்யா. அவங்க எழுதினத அவங்க சொல்லட்டும்.”

முனியம்மா குனிந்து இரு கையாலும் தெருமண்ணை வாரினார். “என் தாலிய அறுத்த வூடு வெளங்காது! இதுல வெளக்கெரியாது!” என்று வீட்டின் மேல் தூற்றினார். படியில் பாடம் படித்துக்கொண்டிருந்த சிநேகாவின் புத்தகத்திலும் அது விழுந்தது. ஜெனிட்டா கதவைச் சாத்தவில்லை. தூற்றி ஓய்ந்தவருக்குச் செம்பில் தண்ணீர் கொண்டுவந்து வைத்தார். முனியம்மா அதைக் காலால் உதைத்துவிட்டுப் போனார்.

இப்போது ஜெனிட்டா திருப்போரூரில் ஒரு சிறு கிளினிக்கில், முன்னைவிடத் தாழ்ந்த பணியில் இருக்கிறார். குழந்தைகளுக்கான தடுப்பு மருந்து வைக்கும் ஃப்ரிட்ஜ் ஒன்று அங்கே உண்டு. ஒவ்வொரு முறையும் கதவைத் திறந்து, வெப்பமானியைக் கண்ணருகே பிடித்து, ஐந்தென்றால் ஐந்தும் ஆறென்றால் ஆறும் எழுதுகிறார். அதன் பிளக்கைச் சுற்றி அவர் ஒட்டிய வெள்ளைப் பிளாஸ்திரியை ஆயுத பூசையன்றும் எவரும் பிரிப்பதில்லை.

கொழுநனை இழந்தவள் வாரித் தூற்றிய மண் வெறும் மண்ணன்று. அதன் சூடு இறைவனுக்குத் தெரியும். அது உரிய வாசல்களைத் தப்பி இந்த வாசலில் விழுந்தது என்பதும் அவனுக்குத் தெரியும். எப்பெயரால் அவ்வீட்டார் அழைக்கிறார்களோ அப்பெயரிலேயே அவன் அங்கே வந்து நிற்க. அந்த மண் அவ்வீட்டுக்கு வேலியாகுக. பூபாலனின் வண்டி போன வழி திரும்புக. சிநேகா கற்ற கல்வி கரையேறுக. உண்மை எழுதிய கை நோயின்றி நெடுங்காலம் வாழ்க. விளக்கெரியாது என்று சபிக்கப்பட்ட அந்த மனையில் விளக்கு ஒருநாளும் அணையாதிருக்க.