தூதரக வாசலில் கழற்றிய சப்பாத்து

மகளுக்கு டென்மார்க்கில் கல்யாணம். நானோ லண்டனுக்கு வந்த இடத்தில் என் டேனிஷ் பாஸ்போர்ட்டைத் தொலைத்துவிட்டேன். பதறிக்கொண்டு டேனிஷ் தூதரகத்துக்குப் போனவன், அந்த நாட்டு வீடுகளில் செய்த பழக்கத்தில் வாசலிலேயே சப்பாத்தைக் கழற்றிவிட்டேன். கல்யாணத்துக்கென்று வாங்கிய புதுச் சப்பாத்து அது.

நரைத்த தலையும் நெட்டை உருவமுமாக வந்த பெண் அதிகாரி என் காலுறையைப் பார்த்தார்.

"ஐயா, இது வேலை செய்யிற கந்தோர். வீடில்லை," என்றார் டேனிஷில்.

"உங்கட ஆக்களின்ர இடமெண்டால் கை தானாக் கழட்டுதம்மா," என்றேன். பாஸ்போர்ட் தொலைந்ததையும் மகளின் கல்யாணத்தையும் சொன்னேன்.

சிரித்தபடி தன் சப்பாத்தையும் கழற்றி மேசைக்கடியில் தள்ளினார்.

"எத்தினையோ நாட்டில வேலை செய்திட்டன். ஒருத்தரும் இப்பிடி வரேல்லை. பயப்பிடாதேங்கோ, கல்யாணத்துக்குப் போவீங்கள்."

மாலையே தற்காலிகப் பாஸ்போர்ட் கைக்கு வந்தது. எனக்கு உயிரும் வந்தது.

"அடுத்த மாற்றல் எந்த நாட்டுக்கம்மா?"

"மேலிடம் இன்னும் சொல்லேல்லை," என்று வெறுங்காலோடு வாசல்வரை வந்து வழியனுப்பினார்.

தன் வீடென்று அவர் சப்பாத்தைக் கழற்றும் வாசல் எந்த நாட்டில் இருக்கிறதோ, இன்றும் தெரியவில்லை.