சுவீடன் மாமா எடுத்த செத்தவீட்டுப் படம்

அம்மாவின் தம்பி சுவீடனில் படம் எடுப்பவர். நடிகர், பாட்டு, சண்டை ஒன்றும் கிடையாது. கமராவைத் தன் முகத்துக்கு நேரே வைத்துவிட்டு, தான் சொன்ன பொய்கள், விட்டுவந்த மனுசி, பயந்து ஓடிய இடங்கள் என்று எல்லாவற்றையும் அவிழ்த்துக் கொட்டுவார். வெள்ளைக்காரர் அதற்குப் பரிசு கொடுத்தார்கள். பாரிசின் லா சப்பலில் எங்கள் சொந்தக்காரர் தலையில் அடித்துக்கொண்டார்கள். இந்தக் கண்றாவியை யார் பார்ப்பது என்று அப்பாவும் கேட்பார். ஆனால் கடைசிவரை இருந்து பார்ப்பவர் அவர் ஒருவர்தான்.

எனக்கு ஒன்பது வயதில் அப்பா செத்துப்போனார். வாயில் புற்றுநோய், ஐந்து வருட இழுபறி. யாழ்ப்பாணத்தில் இருந்த அப்பாவின் அக்கா, என் மாமி, தம்பியைக் கண்டு இருபது வருடம். விசா கிடைக்கவில்லை. செத்தவீட்டை வீடியோ எடுத்து அனுப்புங்கள், அவன் முகத்தை ஒருக்கால் பார்த்தால் போதும் என்று அழுதார். செத்தவீட்டு வீடியோவுக்கு எங்களிடம் ஒரு முறை உண்டு. முதலில் பெட்டிக்குள் இருக்கும் முகம், பிறகு வந்தவர்களின் முகங்கள். வீட்டிலேயே படக்காரன் இருக்க வெளியாள் எதற்கு என்று பெரியவர்கள் அந்த வேலையை மாமாவிடம் விட்டார்கள்.

அப்பாவைப் பார்வைக்கு வைத்திருந்த மண்டபத்தில் மாமா கமராவைச் சுவர்ப் பக்கம் திருப்பி வைத்து, அதற்கு முன்னால் ஒரு கதிரையைப் போட்டுத் தானே உட்கார்ந்துகொண்டார். நான் அவருடைய சட்டையை இழுத்து, அப்பா மற்றப் பக்கம் என்று பிரெஞ்சில் சொன்னேன்.

"தெரியும், குஞ்சு" என்றார். எழும்பவில்லை.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை முடிந்து, வீடு நிறையச் சனம் இருக்கையில் மாமியின் அழைப்பு வந்தது. எல்லாருக்கும் கேட்கட்டும் என்று அம்மா சத்தத்தைக் கூட்டினார்.

"முக்கால் மணித்தியாலம் உன்ரை தம்பியைப் பாத்தன். என்ரை தம்பி எங்கை?"

"அவன் எங்கை போனாலும் தன்னைத்தான் எடுப்பான், மச்சாள். நான் என்ன செய்ய?" என்றார் அம்மா.

மாமா தேத்தண்ணிக் கோப்பையோடு பக்கத்தில்தான் நின்றார். தேத்தண்ணியை ஊதிக் குடித்தார். நல்ல பிறவி என்று யாரோ காறினார்கள். எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. அன்று பின்னேரம் அவரை ரயிலேற்றப் போன கார் து நோர் நிலையத்தில் என்னைக் கொஞ்சக் குனிந்தவரிடம், நீ என் மாமா இல்லை என்று முகத்தைத் திருப்பிக்கொண்டேன். வாய் காட்டினால் அறையும் அம்மா அன்றைக்கு என்னை ஏசவில்லை. அதன்பின் அவர் பாரிசுக்கு வரவே இல்லை.

போன வருடம் மாமி கண்ணை மூடினார். அந்தக் கிழமைதான் அம்மா எனக்குச் சொன்னார்.

"முகத்தை எடுக்காதை எண்டு நான்தான் அவனைக் கெஞ்சினனான். ஒரு கன்னம் இல்லாத தம்பியை மச்சாளுக்கு எப்பிடியடி காட்டுறது?"

தன் வண்டவாளத்தை ஊர் முழுக்கக் காட்டிய மனிதர், இதை மட்டும் ஒரு படத்திலும் சொல்லவில்லை. கேட்டபோது என் மேலேயே எனக்கு அருவருப்பாக இருந்தது.

ஆனால் அந்த ஒன்பது வயதில் யாராவது காரணம் சொல்லியிருந்தாலும் எனக்கு விளங்கியிராது. நினைவு தெரிந்த நாளிலிருந்து அப்பாவுக்கு ஒரு கன்னம்தான். மற்றக் கன்னத்தின் குழியில் கொஞ்சிவிட்டுத்தான் நான் பள்ளிக்கூடம் போவேன். அந்த முகத்தில் மறைக்க ஏதாவது இருக்கும் என்று எனக்குத் தெரியவே தெரியாது.