மாடி வீட்டைக் காலி செய்தது

ஆம்பூரில் நாங்கள் குடியிருந்தது மாடி போர்ஷன். கீழே ஓனர் பாயும் அவர் மனைவியும் மட்டும்தான். நானும் என் கணவரும் ஒரே ஷூ கம்பெனியில் வேலை பார்த்தோம். நான் தையல் மெஷினில், அவர் கட்டிங்கில். மகள் பிறந்ததும் நடக்கப் பழகியதும் அந்த மாடியில்தான்.

ராணிப்பேட்டைப் பக்கம் ஒரு கம்பெனியில் அவரை சூப்பர்வைசராக எடுத்துக்கொள்வதாகப் பேச்சு முடிந்தது. எனக்கும் அங்கேயே மெஷின் தருவதாகச் சொன்னார்கள். இரண்டு பேரும் வேலையை விடுவதாக எழுதிக் கொடுத்துவிட்டோம். காலி செய்வதென்றால் ஒரு மாதம் முன்னாடி சொல்ல வேண்டும் என்று குடிவரும்போதே பேசியிருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை நான்தான் கீழே போய்ச் சொன்னேன்.

பாய் வருத்தப்படுவார் என்று நினைத்திருந்தேன். அவர் முகமோ தெளிந்துவிட்டது. முன்னாடியே சொன்னது ரொம்ப நல்லதாப் போச்சு என்றார். அந்தச் சந்தோஷம் எதற்கென்று தெரியாமல் மாடியேறினேன். கொஞ்சம் வலிக்கத்தான் செய்தது.

இரண்டு வாரம் போயிருக்கும். வெளிநாட்டு ஆர்டர் குறைந்துவிட்டது, இப்போது புது ஆள் எடுப்பதில்லை என்று ராணிப்பேட்டையிலிருந்து போன் வந்தது. பழைய கம்பெனியில் போய்க் கேட்டோம். அங்கேயும் அதே கதை. போனவர்கள் போனதாகவே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார்கள். வீடாவது இருக்கட்டும் என்று மறுபடி பாயிடம் போனேன்.

அவர் மனைவி உள்ளே எழுந்து போய்விட்டார்.

"நீ சொன்ன அன்னைக்கே என் பொண்ண வரச் சொல்லிட்டேம்மா," என்றார் பாய். "புருஷன் விட்டுட்டுப் போய்ட்டான். கொழந்தைய வெச்சிக்கினு வாணியம்பாடில மாமியார் வீட்ல பேச்சு கேட்டுக்கினு கெடக்குது. கீழ இருக்கிறது ஒரே ரூமு. உங்கள எப்படிப் போகச் சொல்றதுன்னுதான் இத்தன நாளா சும்மா இருந்தேன்."

அந்தப் பெண்ணை வர வேண்டாம் என்று எப்படிச் சொல்லச் சொல்வது?

மாதக் கடைசியில் குட்டியானை வண்டியில் சாமான் ஏற்றினோம். பாயின் மகள் காலையிலேயே வந்திருந்தாள். நாங்கள் முழுதாக இறங்கும்வரை மாடிப் பக்கமே வரவில்லை. வண்டி கிளம்பும்போது பக்கத்தில் வந்து, "வேற வீடு கெடச்சுதாக்கா?" என்று கேட்டாள். கிடைத்துவிட்டது என்றேன். நம்பவில்லை என்பது அவள் முகத்திலேயே தெரிந்தது.

இப்போது அணைக்கட்டில் என் கணவரின் அண்ணன் வீட்டில் இருக்கிறோம். பின்பக்கம் ஷீட் போட்ட ஒரு அறை. கட்டிலும் பீரோவும் உள்ளே நுழையவில்லை, வெளியில் தார்ப்பாய் மூடிக் கிடக்கின்றன. என் கணவர் தினமும் பஸ் ஏறிப் போய் ஒவ்வொரு கம்பெனி கேட்டிலும் விசாரித்துவிட்டு வருகிறார். முதலில் எல்லாம் என்ன சொன்னார்கள் என்று கேட்பேன். இப்போது கேட்பதில்லை, சோற்றைப் போட்டு வைத்துவிடுகிறேன்.