தட்டும் தண்ணீர் கேனும்

பதினொரு வருடங்களாகத் தமிழரசியின் பெயருக்கு நேராக எழுதப்பட்டது ஒன்றுதான்: காகிதத் தட்டு, தண்ணீர் கேன்.

சாந்த்ராகாச்சி ரயில்வே குடியிருப்பில் துர்கா பூஜைக்கு முன்னோடியாகப் பஞ்சமி மாலையில் ஆனந்தமேளா நடக்கும். பெண்கள் வீட்டில் செய்ததைப் பந்தலுக்குக் கொண்டுவந்து விற்பார்கள். வங்காளிப் பெண்களுக்கு இருபது மேஜை, தமிழ்க் குடும்பங்களுக்கு ஒன்று. பட்டியல் போடுவது ஷியாமளா மாமி. ஆபீஸ் சூப்பரின்டெண்ட் பார்த்தசாரதியின் மனைவி. இட்லி ஒருத்தி, தயிர்வடை ஒருத்தி, புளியோதரை ஒருத்தி. தமிழரசிக்கு மட்டும் அடுப்பில் ஏறாத பொருள்.

"நீ வேலைக்குப் போறவ, உனக்கு எதுக்கு சிரமம்" என்பார் மாமி. கேட்பதற்கு அக்கறையாகத்தான் இருக்கும். ஆனால் வங்கி வேலைக்குப் போகும் அலமுவுக்கு வருடம் தவறாமல் கேக் எழுதியிருந்தது. தமிழரசியின் கணவன் கலியன் யார்டில் ரயில்பெட்டி கழுவுகிறவன். அவன் வீட்டு அடுப்பில் வெந்ததைத் தங்கள் மேஜையில் வைக்க அவர்களுக்கு மனம் வரவில்லை. அதை வாய்விட்டுச் சொல்லும் துணிச்சலும் இல்லை. இந்த நூற்றாண்டிலும் இது அக்கறை என்ற பெயரில் நடமாடுகிறது.

இந்த வருடக் கூட்டத்தில் தமிழரசி எழுந்து, "நானும் ஒண்ணு செஞ்சு எடுத்தாரேன் மாமி" என்றாள்.

"செய்யேன், பார்ப்போம்" என்றார் மாமி. பேனா பட்டியலைத் தொடவில்லை.

தமிழரசி பவானிபூரில் குழந்தைகள் காப்பகத்தில் ஆயா. ரயிலில் ஹவுரா, அங்கிருந்து பஸ், பிறகு நாள் முழுக்க நின்றபடி வேலை. மாலையானால் முழங்காலுக்குக் கீழே நரம்பு புடைத்துக்கொள்ளும். காப்பகத்துப் பிறந்தநாள்களில் கடையிலிருந்து மெரிங் பிஸ்கட் வரும். வெள்ளை வெளேரென்று, வாயில் போட்டதும் கரைந்துவிடும். போனில் பார்த்தால் செய்முறை இவ்வளவுதானா என்றிருந்தது: முட்டையின் வெள்ளைக்கரு, பொடித்த சர்க்கரை, இரண்டு சொட்டு எலுமிச்சை. கிண்ணத்தைக் கவிழ்த்தாலும் விழாத அளவுக்கு அடித்து நுரையாக்க வேண்டும்.

முதல் தடவை ஒரு துளி மஞ்சள்கரு கலந்துவிட்டது; கை ஓயும்வரை அடித்தும் நுரை எழும்பவில்லை. இரண்டாம் தடவை நன்றாக வந்தது. தட்டில் ஆற வைத்துவிட்டு உட்கார்ந்தாள், அப்படியே கண் அயர்ந்தாள். கல்கத்தாக் காற்றின் ஈரம் குடித்து, விழித்தபோது எல்லாம் பசையாகியிருந்தது.

"மூணு நாளா மஞ்சக்கருவே சாப்பிடறேன்" என்றான் கலியன். "வெள்ளை எல்லாம் மாமிக்கு, மஞ்சள் மட்டும் எனக்கா?"

பஞ்சமியன்று லீவு போட்டாள். இளஞ்சூட்டில் இரண்டு மணி நேரம். மின்சார ஓவன் கதவைத் திறக்காமல் உள்ளேயே ஆறவிட்டு, நேராக மூடிபோட்ட தூக்கில் அடுக்கினாள். ஒன்பதாவது படிக்கும் மகள் மஹிமா அட்டையில் தமிழிலும் வங்காளத்திலும் எழுதினாள்: முட்டை உண்டு.

"அதை ஏன் எழுதற? பார்த்தா தெரியவா போகுது?" என்றான் கலியன்.

"திங்கறவங்களுக்குத் தெரியணும். ஏமாத்தி ஊட்டறதுக்கா இவ்ளோ பாடுபட்டேன்?" என்றாள் தமிழரசி.

மேஜையில் தூக்கைத் திறந்ததும் ஷியாமளா மாமியின் முகம் மலர்ந்தது. "அட, பாதாஷா மாதிரின்னா இருக்கு" என்று, பூஜைப் பிரசாதமாகத் தரும் அந்தச் சர்க்கரை வில்லையை எடுப்பதுபோல ஒன்றை எடுத்தார். வாயருகே போன கை அட்டையைப் பார்த்ததும் இறங்கியது.

"முட்டையா? இது சைவ டேபிள்னு தெரியாதா உனக்கு?"

தமிழரசி மேஜையின் மறுகோடியைப் பார்த்தாள். அங்கே அலமுவின் சாக்லேட் கேக், முட்டை போடாதது என்று எல்லோரும் நம்புவது. அலமு வீட்டு ஃப்ரிட்ஜில் முட்டை இருக்கக்கூடாது, மாமனாருக்கு ஆகாது. கேக் போடும்போதெல்லாம் நான்கு முட்டை தமிழரசி வீட்டிலிருந்து துணிப்பையில் போகும். நேற்றும் போனது. அலமு தலை நிமிராமல் டிஷ்யூ காகிதங்களைச் சீராக அடுக்கிக்கொண்டிருந்தாள். சொல்லிவிடலாம். சொல்லத் தெம்பில்லை, காட்டிக்கொடுக்க மனமும் இல்லை.

தூக்கை மூடினாள். பக்கத்திலிருந்த தட்டுக் கட்டுகளையும் எடுத்துக்கொண்டாள்.

"அது எங்கே போறது?"

"இதுவும் என் வீட்டுலேர்ந்து வந்ததுதான் மாமி."

பந்தலின் பின்னால் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து காலை நீட்டினாள். மஹிமா பக்கத்தில் நின்றாள். கால்மணி நேரத்தில் மேஜை முன்னால் கூட்டம் சேர்ந்தது. சாம்பார் இருந்தது, இட்லி இருந்தது, வைத்துக் கொடுக்க ஒன்றுமில்லை. மாமியே வந்தார்.

"இதுக்குப் போய் கோச்சுக்கலாமா, தமிழரசி?"

"கோவம் இல்ல மாமி, கால் வலி. பதினோரு வருஷமா தட்டு எந்த வீட்டுதுன்னு யாரும் கேக்கல. பலகாரத்துக்கு மட்டும் கேக்கறீங்க."

"முட்டைன்னுதானே சொன்னேன்?"

"சரி. அடுத்த வருஷம் புளியோதரை கிண்டி எடுத்தாரேன். என் வீட்டுப் புளியோதரையை வெப்பீங்களா?"

மாமி கூட்டம் நின்ற மேஜைப் பக்கம் திரும்பிப் பார்த்தார். பந்தலில் தாக் மேளம் அடிப்பவர்கள் கைமாறினார்கள். சத்தம் ஒரு கணம் நின்று மறுபடி தொடங்கியது. அதற்குள் அலமு வந்து நின்றிருந்தாள்.

"மஹிமா, அதே மாதிரி இன்னொரு அட்டை எழுதித் தரியா?"

"எதுக்கு ஆன்ட்டி?"

"என் கேக்குக்கு."

மாமி அவளை உற்றுப் பார்த்தார். போன வருடமும் அதற்கு முந்தின வருடமும் அந்தக் கேக்கில் இரண்டிரண்டு துண்டு சாப்பிட்டவர் அவர். மேஜைக்குத் திரும்பி, கேக்கை ஒட்டியிருந்த புளியோதரைப் பாத்திரத்தை ஒரு சாண் நகர்த்தினார்.

அந்த ஒரு சாண் இடத்தில் தூக்கு உட்கார்ந்தது. கேக்கும் பிஸ்கட்டும் பக்கத்தில் பக்கத்தில், ஒரே கையெழுத்தில் இரண்டு அட்டை. பிஸ்கட்டின் மேல்தோல் ஈரத்தில் லேசாகப் பிசுபிசுக்கத் தொடங்கியிருந்தது. ஆனாலும் வங்காளிப் பிள்ளைகள் வாங்கி விரலைச் சப்பினார்கள். மாமி ஒன்றையும் தொடவில்லை.

தமிழரசி நின்று தட்டு எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். நரம்பு சுண்டி இழுத்தது. கேட்ட கேள்விக்குப் பதில் வரவில்லை. அடுத்த வருடம் புளியோதரையோடு வந்து மறுபடி கேட்க வேண்டும்.