பாகத்தில் விட்டுப்போன சந்தா

என் வீட்டுக்காரருக்குக் கோபம் வந்தால் முதலில் செருப்பைத் தேடுவார். யாரையும் அடிக்க இல்லை, தோட்டத்துக்குக் கிளம்பிவிடுவார். சாயங்காலம் திரும்பும்போது கோபம் இறங்கியிருக்கும். அன்று அவர் செருப்பைத் தேடவில்லை, மூக்குக்கண்ணாடியைத் தேடினார். இது சாயங்காலத்துக்குள் இறங்குகிற கோபம் இல்லை என்று அப்போதே எனக்குத் தெரிந்துவிட்டது.

போனில் பேங்கிலிருந்து ஒரு செய்தி வந்திருந்தது. டி.வி.யில் நாங்கள் தொடர் பார்க்கும் ஆப்புக்கு வருடச் சந்தா தானாகவே புதுப்பிக்கப்படும், பணம் கணக்கிலிருந்து எடுத்துக்கொள்ளப்படும் என்று.

"ஏம்புள்ள, இது நம்ம கணக்குலயா போயிட்டிருக்குது?"

"ஆமாங்க."

"அந்தப் பக்கமும் இதுலதான் பாக்கறாங்களா?"

நான் வெண்டைக்காய் நறுக்குவதில் மும்முரமாக இருந்தேன்.

அந்தப் பக்கம் என்றால் சுவருக்கு அந்தப் பக்கம். கேரளத்துச் சித்தூருக்குக் கிழக்கே, தமிழ்நாட்டு எல்லைக்குக் கூப்பிடு தூரத்தில் இருக்கிறது எங்கள் வீடு. அண்ணனும் தம்பியும் ஒரே அடுப்பில் சாப்பிட்ட வீடு. கிணற்றில் யார் எப்போது மோட்டார் போடுவது என்று ஒரு கோடைக்காலத்தில் பேச்சு தடித்தது. பிறகு பெரியவர்கள் உட்கார்ந்து பாகம் பிரித்துக் கொடுத்தார்கள். காடு, தென்னை, மாடு, கிணற்று முறை, அண்டா குண்டா, கிரைண்டர் எல்லாம் பிரிந்தது. நடுக்கூடத்தின் குறுக்கே ஒரு சுவரும் எழுந்தது. சந்தாவை மட்டும் யாரும் நினைக்கவே இல்லை. கண்ணுக்குத் தெரியாத பொருளை எந்தப் பெரியவர் பிரித்துக் கொடுப்பார்!

ஒன்றாக இருந்த காலத்தில் எடுத்த சந்தா அது. கார்டு என் வீட்டுக்காரருடையது. நம்பர் கொழுந்தனாருடையது. எங்கள் வீட்டுக்குள் கேரள சிம்முக்கு டவர் கிடைக்காது, பொள்ளாச்சியில் வாங்கிய தமிழ்நாட்டு சிம்முக்குத்தான் கிடைக்கும். அதனால் எல்லைப்புறத்தில் எல்லாரும் செய்கிற மாதிரி பேங்குக்கு ஒரு நம்பர், மற்றதுக்கெல்லாம் ஒரு நம்பர் என்று வைத்திருந்தோம். மற்றதுக்கெல்லாம் உள்ள அந்த நம்பர் கொழுந்தனாரோடு அந்தப் பக்கம் போய்விட்டது.

அவர் மனைவி, என் ஓரகத்தி, எனக்கு அப்புறம் பல வருடம் கழித்து அந்த வீட்டுக்கு வந்தவள். மாட்டுக்குத் தீவனம் வைத்து, பாத்திரம் கழுவிக் கவிழ்த்துவிட்டு, மத்தியானம் நாங்கள் இரண்டு பேரும் தொடர் பார்ப்போம். கொரியாக்காரர்கள் தமிழில் பேசுகிற தொடர்கள். அவர்கள் சாப்பிடுவதைப் பார்த்து, "அக்கா, இவங்களுக்கு ஒரு நாளைக்கு நம்ம ஊட்டு கொள்ளுப் பருப்பு ஊத்தோணும்" என்பாள். நான் சிரித்துச் சிரித்துப் புரையேறிப் போவேன். எனக்கு அவளைப் பிடிக்கும். இதை எழுத இப்போதும் எனக்கு எந்தக் கூச்சமும் இல்லை.

பாகத்துக்குப் பிறகு பேச்சுவார்த்தை நின்றது. பேச்சில்லாத பங்காளி வீட்டுப் படியை எங்கள் பக்கத்தில் சாவுக்கு மட்டும்தான் மிதிப்பார்கள். கல்யாணத்துக்குக் கூடப் போகமாட்டார்கள். வாசலில் எதிரெதிரே பார்த்தாலும் அவளும் நானும் தலையைக் குனிந்துகொண்டு போனோம். ஆண்கள் போட்ட சண்டையைப் பெண்கள் கழுத்தில் கட்டிக்கொண்டு அலைய வேண்டியதுதான் தலையெழுத்து என்று எனக்கு எரிச்சலாக வரும்.

சுவர் எழுந்து கொஞ்ச நாளில், டி.வி.யைப் போட்டேன். தொடரின் கீழே, பார்த்த அளவைக் காட்டும் சிவப்புக் கோடு, நான் விட்ட இடத்தில் இல்லை. நகர்ந்திருந்தது. அந்தப் பக்க டி.வி.யிலும் அதே கணக்குதானே ஓடுகிறது. முதலில் எனக்குச் சுருக்கென்று இருந்தது. வீம்புக்கு இரண்டு பகுதிகளை ஒரே மூச்சில் பார்த்துத் தள்ளினேன். மறுநாள் பார்த்தால் கோடு பின்னால் போய் நிற்கிறது. போட்டுப் பார்த்தேன். மாமியார்க்காரி மருமகளிடம் வாங்கிக் கட்டிக்கொள்கிற இடத்தில், சரியாக அந்த இடத்தில் நிறுத்தி வைத்திருந்தாள். எனக்குப் பிடித்த இடம் எது என்று அவளுக்குத் தெரியாதா? வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். சுவருக்கும் ஓட்டுக்கும் நடுவில் இடைவெளி உண்டு. சிரிப்பு அந்தப் பக்கம் கேட்டிருக்கும்.

அன்றிலிருந்து அதுதான் எங்கள் பேச்சு. கதாநாயகன் அழுகிற இடமாகப் பார்த்து நான் அவளுக்கு நிறுத்தி வைப்பேன், அவளுக்கு அழுகை பிடிக்கும். நல்ல சண்டையாகப் பார்த்து அவள் எனக்கு நிறுத்தி வைப்பாள். ஒரு வார்த்தை பேசவில்லை, யாரும் எங்களைக் குறை சொல்ல முடியாது. என் வீட்டுக்காரருக்கு இது தெரியாது. நானும் சொல்லிக்கொள்ளவில்லை.

பேங்க் செய்தி வருவதற்குச் சில வாரங்கள் முன்பே கோடு நின்றுபோயிருந்தது. மழையில் கதாநாயகன் அழுதுகொண்டு பஸ்ஸுக்கு நிற்கிற இடம், நான் அவளுக்காக நிறுத்தியது. அங்கேயே இருந்தது. தினமும் போட்டுப் பார்ப்பேன், அவன் நனைந்துகொண்டே நிற்பான். நான் மேலே பார்க்கவில்லை. நான் நகர்த்திவிட்டால் அவள் வந்தாளா இல்லையா என்பது எனக்கு எப்படித் தெரியும்? அந்தப் பக்கம் பாத்திரச் சத்தமும் குறைந்துவிட்டது. கடைசியில் பால் சொசைட்டியில் பால் ஊற்றும்போது ஒரு அம்மா காதோடு காதாகச் சொன்னார்.

"உங்களுக்குத் தெரியாதுங்களா? கழுத்துல கட்டின்னு கோயமுத்தூர்ல ஆபரேசன் பண்ணிக் கூட்டியாந்திருக்குறாங்க. அது நல்ல கட்டியா கெட்ட கட்டியான்னு இன்னும் சொல்லலையாம்."

வீட்டுக்கு எப்படி நடந்து வந்தேன் என்று தெரியவில்லை. போய்ப் பார்க்க வேண்டும் என்று உயிர் துடித்தது. ஆனால் சாவுக்கு மட்டுமே மிதிக்கிற படியை இப்போது மிதித்தால் என்ன அர்த்தம்? நான் உள்ளே நுழைவதைப் பார்த்து அவள் என்ன நினைத்துக்கொள்வாள்? தன் கதை முடிந்தது என்றல்லவா நினைப்பாள். அந்தப் பயம் என்னைக் கட்டிப் போட்டது. வீட்டுக்காரரிடம் சொல்லவும் நாக்கு எழவில்லை. தம்பி வீட்டுப் பேச்சை எடுத்தாலே தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துவிடுவார்.

இந்த நிலைமையில்தான் அந்தச் செய்தி வந்தது. சந்தா போனால் கோடும் போகும். அவள் எழுந்து உட்கார்ந்துவிட்டாள் என்பதை எனக்குச் சொல்ல வேறு எதுவும் இல்லை.

"இருந்துட்டுப் போகட்டுங்க" என்றேன்.

"எதுக்கு இருக்கோணும்? தண்ணி முறையில அரைமணி நேரம் விட்டுக் குடுத்தானா அவன்?"

மறுநாள் சித்தூர் பேங்குக்குப் போனார். அங்கிருந்த அதிகாரி பொறுமையாகத்தான் சொல்லியிருக்கிறார். "ஆப்பில் கேறி நிங்ஙள் தன்னே கேன்சல் செய்யணும் சேட்டா. நம்பர் ஆருடெயா?" ஆப்புக்குள் போய் நாமேதான் நிறுத்த வேண்டுமாம். நம்பர் யாருடையது என்று கேட்டதும் இவர் எழுந்து வந்துவிட்டார்.

வந்த வேகத்தில் கூடத்தில் உட்கார்ந்து, டி.வி.க்கு வைத்திருக்கிற வைஃபையில் போனில் ஆப்பை இறக்கினார். உள்ளே போக நம்பர் கேட்டது. தம்பி நம்பர் அவருக்கு மனப்பாடம், பார்க்காமலே போட்டார். அந்த நம்பருக்கு ஓ.டி.பி. அனுப்பியிருப்பதாகத் திரை சொன்னது. சுவருக்கு அந்தப் பக்கம் டிங் என்று ஒரு சத்தம் கேட்டது.

இருவரும் சுவரைப் பார்த்தோம்.

நேரம் முடிந்துவிட்டது, மறுபடி அனுப்பவா என்று கேட்டது. அமுக்கினார். மறுபடி டிங். அவர் பிடித்த பிடியை விடுகிற ஆள் இல்லை, இன்னொரு தடவையும் அமுக்கினார்.

"அந்த எளவை நிறுத்தறதுக்கும் அவன் நம்பர்தான் வேணுமா?" என்று சுவர் அதிரக் கத்தினார்.

அந்தப் பக்கம் கட்டில் கிறீச்சிட்டது. காலடி மெதுவாகச் சுவரை நோக்கி வந்தது.

"அக்கா..."

அது அவள் குரலா என்று எனக்கே சந்தேகமாகிவிட்டது. கோணிப்பையைத் தரையில் இழுக்கிற மாதிரி இருந்தது.

"அக்கா, நம்பர் வந்திருக்குது. மாமாவுக்குச் சொல்லுங்க. நாலு... ஏழு..."

அதற்கு மேல் காற்றுதான் வந்தது. கொழுந்தனார் போனை வைத்துவிட்டு வெளியே போயிருக்கிறார் போலிருக்கிறது. அவளே எழுந்து வந்திருக்கிறாள்.

அவள் மாமா என்றது என் வீட்டுக்காரரை. எங்கள் வழக்கத்தில் தம்பி மனைவியோடு மூத்தவர் நேராகப் பேசமாட்டார். ஒரே வீட்டில் இருந்தபோதும் அவளிடம் தண்ணீர் கேட்பதென்றால் கூட என்னிடம்தான் சொல்வார். அந்தப் பழக்கத்தில் இப்போதும் என்னைப் பார்த்தார்.

"கேக்கலைன்னு சொல்லு. சத்தமாச் சொல்லச் சொல்லு."

அதற்குள் அவள் அங்கே மூச்சைக் கூட்டி மறுபடி ஆரம்பித்தாள். "நாலு... ஏழு... அக்கா, கேக்குதுங்களா?"

"சொல்லேம்புள்ள!"

"எப்படிங்க சொல்றது?" எனக்கு ஆத்திரமும் அழுகையும் ஒன்றாக வந்தது. "கழுத்தை அறுத்து ஆபரேசன் பண்ணி வந்து படுத்திருக்கறா. கெட்ட கட்டியோ என்னமோன்னு பயந்துட்டுக் கெடக்கறாங்க. உங்க கணக்கை முடிக்கறதுக்கு இன்னும் சத்தமாக் கத்தோணுமா அவ?"

அவர் முகம் பேயறைந்த மாதிரி ஆகிவிட்டது. போன் மறுபடி நேரம் முடிந்துவிட்டது என்று காட்டியது. அவர் அமுக்கவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் அவள் மூன்றாவது தடவையாக, "நாலு..." என்றாள்.

எழுந்து சுவர் அருகே போனார். எத்தனையோ வருடமாக அவளிடம் ஒரு சொல் பேசாத மனிதர், சுவரில் கையை ஊன்றிக்கொண்டு அண்ணாந்து, ஓட்டு இடைவெளியைப் பார்த்துச் சொன்னார்.

"போதும் அம்மிணி. நீ பேசாத. போய்ப் படுத்துக்க சாமி."

அந்தப் பக்கம் விசும்பல் கேட்டது. குரல் எழாமல் அழத்தான் அவளால் முடிந்தது.

அவர் திரும்பாமலே என்னிடம் சொன்னார். "அரிசி போட்டுக் கஞ்சி வை. கொழகொழன்னு வை. ரெண்டு பேருமாப் போலாம்."

"பாக்கறவங்க என்னங்க நெனைப்பாங்க?"

"செத்தாத்தான் போகோணும்னு எவன்டா சொன்னான்?" என்றார். பின்னால் நான் மட்டும்தான் நின்றிருந்தேன். அதைக் கேட்டது என்னிடம் இல்லை.

அடுப்பைப் பற்றவைத்தேன். அவர் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார்.