குரல் கொடுத்து ஏறிய கோபுரம்

எங்கள் பெற்றோருக்கு ஆறு பிள்ளைகள். ஐந்தாவதாகத் திருகோணமலையில் பிறந்த தம்பி, எழுபத்திரண்டு ஆண்டும் நான்கு மாதமும் வாழ்ந்து மொன்றியலில் கண்மூடினார். இரண்டாவதாகப் பிறந்த நான் இதை எழுதுகிறேன். போகும் வரிசை பிசகிவிட்டது.

தொலைபேசித் தொழில் பழகிய தம்பி, மனைவியையும் இரண்டு பிள்ளைகளையும் ஊரில் விட்டு ஓமானுக்குப் போனார். மலைக் கிராமங்களில் கைபேசிக் கோபுரம் எழுப்புவது அவர் வேலை.

ஒரு கிராமத்தில் கோபுரம் பாதி உயர்ந்தபோது ஊர்ப் பெரியவர் வேலையை நிறுத்தினார். அங்கே பேரீச்சை மரம் ஏறுபவர்கள் முதலில் உரக்கக் குரல் கொடுப்பார்கள். முற்றத்தில் நிற்கும் பெண்கள் உள்ளே போவார்கள். தம்பி அது தெரியாமல் சத்தமின்றி ஏறிவிட்டார். கோபுரம் பாதியில் நின்றால் வேலையும் விசாவும் போய்விடும். மொன்றியலின் லாசால் பகுதியில் இருந்த எனக்குத் தொலைபேசி எடுத்தார்.

"கொம்பனியைக் கொண்டு பொலிசில சொல்லு," என்றேன்.

"எங்கட வளவை ஒருத்தன் மேல நிண்டு பாத்தா சும்மா இருப்பியளோ, அண்ணை? பிழை என்னில. போய் மன்னிப்புக் கேக்கப் போறன்."

"அவர் மாட்டன் எண்டால்? ரெண்டு பிள்ளையள், மறந்திட்டியோ?"

"கனடாவில இருந்துகொண்டு நடுங்காதைங்கோ. போட்டு வாறன்."

பெரியவர் மன்னித்தார். மறுநாள் தம்பி கோபுரத்தடியில் நின்று, தெரிந்த அரபியில் மூன்று முறை குரல் கொடுத்தார். முற்றங்கள் வெறுமையானதும் பெரியவரே "ஏறு" என்று கையசைத்தாராம். பன்னிரண்டாம் நாள் வேலை முடிந்தது. முதல் அழைப்பை, மஸ்கட்டில் படித்த தம் மகளுக்குப் பெரியவர் எடுத்தார்.

பல ஆண்டுகளின் பின் தம்பி ஓய்வுபெற்று, கனடாவில் குடியேறியிருந்த தன் மகளோடு வாழ லாசாலுக்கு வந்தார். அவர் யாரையும் கடிந்து பேச நான் கேட்டதில்லை. கடைசி ஒன்பது கிழமைகள் அவரைப் பராமரித்த தாதியருக்கும், நகரின் வில்லரே பகுதியிலிருந்து நாள்தோறும் கஞ்சி கொண்டுவந்த நண்பர்களுக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டுள்ளது.

இன்னொருவருக்கும் நன்றி சொல்ல வேண்டும். பெரியவரின் மகள் இன்று அந்த மலைக் கோபுரங்களைப் பராமரிக்கும் பொறியியலாளர். தம்பி இறப்பதற்கு மூன்று நாள் முன் அவர் அந்தக் கிராமத்துப் பள்ளியிலிருந்து காணொளியில் அழைத்தார். பட்டணத்து ஆசிரியை ஒருவர் திரைவழியே அங்கே கணிதம் கற்பிக்கிறாராம். பிள்ளைகள் கைபேசியை மொய்த்துக்கொண்டு தம்பிக்குக் கைகாட்டினார்கள். கட்டிலருகே இருந்த நான் அவர்களை எண்ணத் தொடங்கினேன். பதினேழு வரை வந்தேன்; ஒருவரும் நின்ற இடத்தில் நிற்கவில்லை.

"விடுங்கோ அண்ணை," என்று தம்பி சிரித்தார். "இன்னும் வருகினம்."