கடைசி வரிசைக்கும் தெரியும் இமை

தலைமுடியைவிட மெல்லிய ஐந்து கறுப்பு இழைகள். அவற்றின் அடிகள் ஒரே புள்ளியில் கூட வேண்டும். நுனிகள் ஐந்தும் ஐந்து திசை பார்க்க வேண்டும். இமையில் ஒட்டும் விசிறி என்பது இவ்வளவுதான். இதைச் சொல்லி முடிக்க எனக்கு ஒரு மூச்சு போதும். கையால் செய்து முடிக்க ஒன்றரை மாதம் பிடித்தது.

நான் மேடைப் பேச்சாளர். எட்டாம் வகுப்பில் மேடையில் ஒலிவாங்கி முன் நின்றவள், இன்றுவரை இறங்கவில்லை. முதலியார்பேட்டையில் எங்கள் வீட்டுத் தொலைக்காட்சிக்கு மேலிருக்கும் பலகையில் கோப்பைகளுக்கு இடம் போதாமல், தட்டாஞ்சாவடிப் பட்டறையில் லேத் ஓட்டும் என் அப்பா இரும்பில் இன்னொரு பலகை அடித்துக் கொடுத்தார். இதைத் தன்னடக்கத்தோடு சொல்ல எனக்குத் தெரியாது, முயன்றதும் இல்லை. படிப்பு முடிந்ததும் என் வகுப்புத் தோழி ஒருத்தியோடு சேர்ந்து, முத்தியால்பேட்டையில் ஒரு தையற்கடையின் மேல்மாடி அறையில் இமை அலங்கார நிலையம் தொடங்கினேன். அவள் கனகசெட்டிக்குளத்துக்காரி. தினமும் கடலோரச் சாலையில் பேருந்தில் வருவாள். சென்னையில் மூன்று மாதம் இந்தத் தொழிலை முறையாகப் பயின்றவள். ஆகவே கண்கள் அவளுக்கு, வாய் எனக்கு என்று பிரித்துக்கொண்டோம். வருபவர்களை வரவேற்பது, விளக்குவது, சம்மதிக்க வைப்பது என் வேலை. படுக்க வைத்து, கீழிமையை ஜெல் பட்டையால் மூடி, மேலிமையின் ஒவ்வொரு முடியையும் தனியே பிரித்து, அதன்மேல் ஒரு விசிறியை ஒட்டுவது அவள் வேலை. ஒரு கண்ணுக்கு எண்பது விசிறிகளாவது ஆகும். முடிந்து கண் திறக்கும்போது, இமை இரண்டு மடங்கு அடர்ந்து நிற்கும்.

அப்படிக் கண் திறந்த ஒரு பெண்மணி, ஒருநாள் கண்ணாடியைப் பார்த்துவிட்டு வாயடைத்துப்போய்க் கைதட்டினார். கைதட்டல் எனக்குப் பழகிய ஒலி. ஆனால் அன்று அது என் தோழியின் பக்கம் பார்த்து எழுந்தது. அவரைப் படியேற வைக்க நான் அரைமணி நேரம் பேசியிருந்தேன். அது அவர் நினைவிலேயே இல்லை. அன்று மாலையே கேட்டுவிட்டேன்.

"எனக்கும் கத்துக் குடுடி."

"கத்துக்கோ, யாரு வேணான்னா? பொம்மைத் தலையில வரிசையா பத்து விசிறி வெச்சிக் காட்டு. ஒன்னுகூட மூடக் கூடாது. அப்பறம்தான் மனுஷக் கண்ணு."

"பத்துக்கு எட்டு வந்தா?"

"வராது."

"முப்பத்தஞ்சு மார்க் எடுத்தாலே பாஸ்தானடி."

"கண்ணுடி இது. பாஸ் மார்க்லாம் பரீட்சைக்கு."

எதிரணியில் இவ்வளவு சுருக்கமாகப் பேசுபவரை நான் சந்தித்ததில்லை.

விசிறி செய்ய வழிகள் பல உண்டு. இழைகள் ஒரு பட்டையில் சீப்புப் பல்போல வரிசையாக ஒட்டி வரும். அதன் விளிம்பில் ஐந்தை ட்வீசர் எனும் சிறு இடுக்கியால் பற்றி, முழுவதும் பிய்க்காமல் பாதி நிமிர்த்தி, பிடியை ஒரு நொடி தளர்த்தினால் நுனிகள் தாமாகப் பிரியும். பிரிந்த அந்த நொடியிலேயே மறுபடி இறுக்கி எடுத்துவிட வேண்டும். இது என் தோழியின் வழி. அவள் கையில் அது மொட்டு அவிழ்வது போல நிகழும். என் கையிலோ ஐந்தும் ஒட்டி ஒரே குச்சியாக வரும், அல்லது மூன்று என்னிடமும் இரண்டு பட்டையிலும் நின்றுவிடும். இன்னொரு வழி, இழைகளின் அடியைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே வைத்து மெல்ல உருட்டுவது. எங்கள் ஊர்ப் புழுக்கத்தில் விரல் வியர்த்து, இழைகள் என் ரேகைகளிலேயே குடியேறின. மூன்றாவது வழி எனக்கென்றே யாரோ கண்டுபிடித்தது. எடுத்த ஐந்தையும் ஒட்டும் நாடா ஒன்றின்மேல் அடி பதிய நிறுத்தி, ட்வீசரை இடமும் வலமும் ஆட்ட வேண்டும். ஆட்ட ஆட்ட அடி நாடாவில் நிலைக்கும், நுனிகள் அகலும். முதல் விசிறி அப்படி விரிந்தபோது நான் நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டேன்.

"உக்காருடி. பசையில முக்கி எடு, பாக்கலாம்" என்றாள் தோழி.

முக்கினேன். மூடிக்கொண்டது.

பசைத்துளியில் விசிறியின் அடியை மட்டும் தொட வேண்டும். ஆழமாகப் போனாலும் மூடும். வேகமாக வெளியே இழுத்தாலும் மூடும். கடற்காற்று ஈரமாக இருக்கும் நாட்களில் பசை நினைப்பதற்குள் இறுகிவிடும் என்பதால், துளியை அடிக்கடி மாற்றவும் வேண்டும். எத்தனை மெதுவாக இழுப்பது? அதற்கு அளவு கிடையாது, கையே சொல்லும் என்றாள் அவள். என் கை ஒன்றும் சொல்லவில்லை. இரண்டு வாரம் மூடிய விசிறிகளையே குவித்தேன்.

பிறகு ஒரு பிற்பகல், வரவிருந்த சொற்போட்டி ஒன்றுக்கான உரையை முணுமுணுத்தபடியே பழகிக்கொண்டிருந்தேன். முக்கியமான ஒரு சொல்லுக்கு முன் பேச்சாளர் ஓர் இடைவெளி விடுவார். அரங்கு காத்திருக்கும், அவரும் காத்திருப்பார், அந்த மௌனத்தின் நீளத்தை எந்தக் கடிகாரமும் சொல்லித் தராது. என் உரையில் அந்த இடம் வந்தபோது விசிறி பசைக்குள் இருந்தது. நான் வழக்கம்போல நிறுத்தினேன். சொல் வாயிலிருந்து வெளிப்பட, கையும் வெளியே வந்தது. விசிறி விரிந்தே இருந்தது! மறுபடி செய்தேன். விரிந்தது. என் உரையை நான்கு முறை முழுவதுமாகச் சொன்னேன். அந்த மாலை மட்டும் முப்பதுக்கு மேல் விசிறிகள் விரிந்தன. பத்து ஆண்டுகளாக என் உடம்பு அறிந்திருந்த ஒன்றை, அரங்கில்லாத ஓர் அறையில், ஒரு பொம்மைத் தலைக்கு முன்னால் கண்டெடுத்தேன். அந்த மகிழ்ச்சிக்கு எந்தக் கோப்பையும் ஈடில்லை.

ஆனாலும் பத்து வரவில்லை. ஒன்பது வரும், பத்தாவது வெற்றி என்று மனம் துள்ளும்போதே கை துள்ளிவிடும்.

இந்த நிலையில்தான் அந்த மணப்பெண் வந்தார். பிரான்சில் வேலை பார்ப்பவர், திருமணத்துக்காக ஊர் வந்திருந்தார். பசை ஒத்துக்கொள்கிறதா என்று காதோரம் ஒரு துளி வைத்துப் பார்ப்பதற்காக, ஒரு வாரம் முன்னதாகவே வரச் சொல்லியிருந்தோம். சனிக்கிழமை தேவாலயத்தில் திருமணம். வெள்ளிக்கிழமை மாலை நாலரைக்கு அங்கே ஒத்திகை. அன்று பிற்பகல் ஒரு மணிக்குத்தான் எங்களிடம் வர முடியும் என்றார். மூன்று மணி நேரத்தில், கையால் செய்த விசிறிகளோடு, அடர்த்தியாக முடித்துத் தருகிறோம் என்றேன். அழகாகவே சொன்னேன். உள்ளறையில் வேறொருவரின் கண்ணில் குனிந்திருந்த தோழியைக் கேட்காமலே சொன்னேன்.

அவர் படியிறங்கியதும் தோழி திரைச்சீலையை விலக்கினாள்.

"மூணு மணி நேரமா? ஒத்தக் கண்ணுக்கே எனக்கு ரெண்டு மணி நேரம் ஆவும். அந்த அக்காவ ஒரு கண்ணோட சர்ச்சுக்கு அனுப்பப் போறியா?"

"நீ இடது கண்ணு, நான் வலது கண்ணு. ரெண்டு பக்கமும் ஒக்காந்து ஒரே நேரத்துல செஞ்சா?"

அவள் பொம்மைத் தலையை என் பக்கம் நகர்த்தினாள். "வியாழக்கெழமைக்குள்ள பத்து வெச்சின்னா, சரி. வெக்கலன்னா நீயே ஃபோன் பண்ணி முடியாதுன்னு சொல்லிடு."

கொடுத்த வாக்கை நானே திரும்பப் பெறுவதா? அந்த ஒரு வாரம் நான் யாரிடமும் தேவைக்கு மேல் பேசவில்லை என்று என் வீட்டில் இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். வியாழன் மாலை ஒன்பதாவது விசிறி நின்றதும், பத்தாவதை எண்ணாமல் வைத்தேன். பதினொன்றாவதையும் வைத்தேன். பன்னிரண்டில் தோழி என் கையைப் பிடித்தாள்.

"போதும், ஒத்துக்கிறேன். நாளைக்கு வரும்போது நகத்த வெட்டிட்டு வா."

வெள்ளிக்கிழமை ஒரு மணிக்கு மணப்பெண் படுத்தார். வலப்பக்கம் நான், இடப்பக்கம் அவள். நடுவில் மூடிய இரண்டு கண்கள். முதல் முடியைப் பிரித்து, முதல் விசிறியின் அடியை அதன்மேல் வளைத்து வைத்தபோது, அது உயிருள்ள முடியை அணைத்துக்கொண்டு நின்ற விதத்தில் என் முகக்கவசத்துக்குள்ளேயே நான் சிரித்துவிட்டேன். இரண்டாவது. மூன்றாவது. என் உரையை மனத்துக்குள் ஓட்டினேன். நிறுத்தம் வரும் இடமெல்லாம் விசிறிகள் விரிந்தன. பதினான்கு வைத்து முடித்தேன். ஒன்றுகூட மூடவில்லை.

அப்போது கட்டிலுக்கு அடியில் தோழியின் கால் என் காலை உதைத்தது. அவள் கண்ணாலேயே காட்டினாள். நான் நிமிர்ந்து இரண்டு கண்களையும் சேர்த்துப் பார்த்தேன். அவள் பக்கத்து விசிறிகள் ஒடுக்கமாக, தணிந்து நின்றன. என்னுடையவை அகன்று, நுனிக்கும் நுனிக்கும் இடைவெளி தெரிய, கூவி அழைப்பவைபோல நின்றன. இரண்டும் நல்ல விசிறிகள். ஒரே முகத்துக்கு உரியவை அல்ல.

"இன்னாடி இது, இம்மாம் அகலம்?" என்று கிசுகிசுத்தாள்.

எனக்கு உடனே புரிந்தது. மேடையில் எங்களுக்குச் சொல்லித் தரும் முதல் பாடம், கடைசி வரிசையில் இருப்பவருக்கும் எட்ட வேண்டும் என்பது. குரல், கையசைவு, முகம் எல்லாவற்றையும் அந்த வரிசையை நினைத்தே பெரிதாக்குவோம். நான் ஒவ்வொரு விசிறியையும் நாடாவில் இரண்டு முறை இடமும், இரண்டு முறை வலமும் ஆட்டியிருந்தேன். ஆனாலும் என் அணியை நான் எளிதில் விட்டுக்கொடுப்பதில்லை.

"சர்ச்சு பெருசு. கடைசி பெஞ்சுல இருக்கறவங்களுக்கும் கண்ணு தெரிய வேணாமா? நீ உன்னுத அகலமாக்கு."

"கடைசி பெஞ்சா கல்யாணம் பண்ணிக்குது? மாப்ள மூஞ்சி மேல இருக்கற நெட்டுத் துணியத் தூக்கிப் பாக்கும்போது நடுவுல ஒரு முழம்கூட இருக்காது. அவ்ளோ கிட்டத்துல உன்னுது தொடப்பம் மாதிரி தெரியும்."

"தொடப்பமா!"

படுத்திருந்தவரின் உதடுகள் அசைந்தன. "யம்மா, பட்டிமன்றத்த என் மூஞ்சி மேலயா வெச்சீங்க? யாராவது தீர்ப்பு சொல்லுங்க, நாலரைக்கு சர்ச்சுல சாமியார் வெய்ட் பண்ணுவாரு."

தீர்ப்பு எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது. ஒரு முழ தூரம் என்ற அந்த வாதம்தான் சரி. மேடைக்குக் கடைசி வரிசை முக்கியம். இமைக்கு முதல் வரிசைதான் உண்டு, அதிலும் ஒரே ஓர் ஆள்தான். என் வாழ்நாளில் முதல் முறையாக, நடுவர் மணியடிக்கும் முன்பே என் வாதத்தை நானே திரும்பப் பெற்றேன்.

"எடுத்துடறேன்" என்றேன். மணி ஒன்றரையாகியிருந்தது.

ஒட்டிய விசிறியை இழுக்கக் கூடாது. இழுத்தால் அவருடைய சொந்த முடியும் சேர்ந்து வரும். இரண்டு ட்வீசர்களால் அடியைப் பிடித்து, வாழைப்பழத் தோலை உரிப்பது போல இழைகளை இருபுறமும் பிரித்து விலக்க வேண்டும். பதினான்கையும் உரித்தேன். நான் வைத்த அழகையெல்லாம் நானே கழற்றுவது கசக்கும் என்று நினைத்தேன், கசக்கவில்லை. ஒவ்வொன்றும் சேதமில்லாமல் கழன்றபோது கைகளுக்கு இன்னொரு வித்தை தெரிந்திருந்ததே என்ற வியப்புதான் மிஞ்சியது. பிறகு இடம் ஒருமுறை, வலம் ஒருமுறை, அவ்வளவோடு நிறுத்தி முதல் விசிறியை மீண்டும் வைத்தேன். தோழி எட்டிப் பார்த்தாள், தலையசைத்தாள்.

அதன்பின் இரண்டு மணி நேரம் இருவரும் குனிந்தபடியே வேலை செய்தோம். கீழே தையல் இயந்திரம் ஓடுவதும் நிற்பதும் கேட்டது. பசைத்துளியைக் கால் மணிக்கு ஒருமுறை மாற்றினோம். அவள் வெளிமூலையிலிருந்து உள்ளே வர, நானும் வெளிமூலையிலிருந்து உள்ளே வந்தேன். இருபதுக்கும் ஐம்பதுக்கும் இடையே எங்கோ, என் உரை மனத்திலிருந்து தானாக நின்றுபோனது. நிறுத்தங்கள் மட்டும் கையில் தங்கின. அவள் என்னைவிட இருபது விசிறிகள் முன்னே இருந்தாள், எனக்காகத் தன் வேகத்தைக் குறைத்தாள், பிறகு பத்து, பிறகு இரண்டு. மூக்கோரத்துச் சிறிய முடிகளை அடைந்தபோது எங்கள் ட்வீசர்கள் ஒன்றையொன்று உரசின.

நாலேகாலுக்கு மணப்பெண்ணை அழைத்துப் போக வந்த அவருடைய அம்மா, இரண்டு பேர் இரண்டு பக்கமும் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துத் திகைத்து நின்றார். ஜெல் பட்டைகளைக் கழற்றினோம். மகள் கண் திறந்தார். அம்மா மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு, ஒரு முழத்துக்கும் குறைவான தூரத்தில் குனிந்து, வலது கண்ணைப் பார்த்தார், இடது கண்ணைப் பார்த்தார், மறுபடி வலதைப் பார்த்தார். எந்த நடுவரின் தீர்ப்புக்கும் நான் அப்படிக் காத்திருந்ததில்லை.

"ஆளுக்கு ஒரு கண்ணா பண்ணீங்க? ஒரே கை பண்ணாப்புல இருக்குதே!" என்றார். மகளின் தாடையை நிமிர்த்தி இன்னொரு முறை பார்த்துவிட்டு, "மெர்சிம்மா, ரெண்டு பேருக்கும்" என்று பிரெஞ்சு கலந்து நன்றி சொன்னார்.

மணப்பெண் எழுந்தார். கண்ணாடி முன் நின்று மெதுவாக இமைத்தார், வேகமாக இமைத்தார், ஒற்றைக் கண்ணால் இமைத்தார். பிறகு எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துக் கைதட்டிவிட்டு, படிகளில் ஓட்டமும் நடையுமாக இறங்கினார்.

அவர்கள் வண்டி கிளம்பியதும் நான் படுக்கை விரிப்பை மாற்றினேன். ஏதாவது பேச வேண்டும் என்று வாயைத் திறந்தேன். அதற்குள் தோழி செருப்பைக் கழற்றிவிட்டுக் கட்டிலில் ஏறி மல்லாந்து படுத்தாள். இந்தத் தொழில் செய்பவர்கள் தங்கள் இமைகளைத் தாங்களே செய்துகொள்ள முடியாது. வேலை செய்யும் கண் திறந்திருக்க வேண்டும், ஒட்டப்படும் கண் மூடியிருக்க வேண்டும். அவளுடைய இமைகள் சென்னையிலிருந்து வந்த நாள் முதல் வெறுமையாகவே இருந்தன.

"விசிறிக்கு ஆறு இழை," என்றாள், கண்ணை மூடிக்கொண்டு. "ரெண்டு கண்ணும் நீயே. பயமா இருந்தா இப்பவே சொல்லிடு, எழுந்து பஸ்ஸுக்குப் போறேன்."

புதிய பசைத்துளி ஒன்றை வைத்து, பட்டையின் விளிம்பில் ஆறு இழைகளை எண்ணி எடுத்தேன்.